ஒரு காலண்டர் தாளும் ஒரு கடல்கோளும்

அப்பாவின் தகரப் பெட்டியில் பழைய தீர்வை ரசீதுகள், கால் உடைந்த மூக்குக்கண்ணாடி, பாட்டியின் ரேஷன் கார்டு இவற்றோடு ஒரு காலண்டர் தாளும் கிடக்கிறது. தினமும் கிழிக்கிற காலண்டரின் தாள்தான். 2000 ஜனவரி 1, சனிக்கிழமை. அந்த நாளைக் கசக்கிப் போட அப்பாவுக்கு மனம் வரவில்லை போலிருக்கிறது.

போன மாதம் வீட்டை ஒதுங்க வைத்தபோது அதைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தேன். நடுவில் பெரிய சிவப்பு ‘1’. அதன் கீழே பிரமாதி வருடம், மார்கழி 17. பக்கத்தில் மலையாளக் கணக்கான கொல்லம் ஆண்டு 1175. எங்கள் கன்னியாகுமரி மாவட்டம் 1956 நவம்பர் 1-ஆம் தேதிதான் தமிழ்நாட்டோடு சேர்ந்தது. அதற்கு முன் திருவிதாங்கூர் ஆட்சி. மாவட்டம் மாறினாலும் காலண்டரிலிருந்து கொல்லம் ஆண்டு போகவில்லை. ஒரு மூலையில் திருவள்ளுவர் ஆண்டு 2030. எதிர் மூலையில் ஹிஜிரி 1420, ரமலான். உள்ளங்கையகலக் காகிதத்தில் ஐந்து கணக்குகள். அவற்றில் பிரமாதி மட்டும் அறுபது ஆண்டுக்கு ஒருமுறை திரும்பி வந்து கதவைத் தட்டும். மற்ற நான்கும் எங்கோ ஓரிடத்தில் புறப்பட்டு நேராகப் போகிறவை.

எங்கள் குடும்பமும் ஏறக்குறைய அந்தத் தாள் மாதிரிதான் இருந்தது. அப்பாவைப் பெற்ற பாட்டா, அய்யா வைகுண்டரைப் பின்பற்றும் அய்யாவழிக்காரர். அம்மாவின் அக்கா, எங்கள் பெரியம்மா, கல்யாணத்துக்குப் பிறகு கிறிஸ்தவரானவர். அப்புறம் அந்தச் சபையும் போதாமல் அந்நிய பாஷை பேசி ஜெபிக்கும் சபைக்குப் போனார். அம்மாவின் தம்பி, மாமா, பள்ளிக்கூடத்தில் தமிழாசிரியர். அப்பாவின் தம்பி, சித்தப்பா, ரேடியோ டிவி ரிப்பேர் கடை வைத்திருந்தவர். கடைச் சுவரில் பெரியார் படம். எங்கள் பக்கத்தில் இப்படி ஒரு குடும்பம் அதிசயம் ஒன்றும் இல்லை. கல்யாண வீட்டில் ஒரே பந்தியில் நாமமும் பைபிளும் கறுப்புச் சட்டையும் உட்கார்ந்து சாப்பிடும். சண்டையெல்லாம் பாயசத்துக்குப் பிறகுதான்.

அந்தக் காலண்டர் தாளுக்கு முந்தின ராத்திரி எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. கம்ப்யூட்டர்கள் 99-க்கு அடுத்து 00 என்று காட்டி, உலகமே ஸ்தம்பித்துப் போகும் என்று பேச்சு. பெரியம்மாவின் சபையில் அது வெறும் கம்ப்யூட்டர் கோளாறாக நிற்கவில்லை. கர்த்தர் வரும் நாள் நெருங்கிவிட்டதற்கு அதுவும் ஓர் அடையாளம் என்று ஆகியிருந்தது. முழு இரவு ஜெபத்துக்குப் போகிறவர், எங்கள் வீட்டுக்கு வந்து அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு அழுதார். “நீ மட்டும் இங்க நின்னுருவியேன்னுதான் வெசனமா இருக்கு” என்றார். அவர் எடுத்துக்கொள்ளப்படுவார், தங்கை கைவிடப்படுவாள் என்று அர்த்தம். அழுது முடித்து, கண்ணைத் துடைத்துக்கொண்டு, வாசல்படி இறங்கும்போது திரும்பி, “மாவு அரச்சு வச்சிருக்கேன், வீட்டுச் சாவி இதுல இருக்கு. விடியக்காலம் பொங்கிருச்சான்னு மட்டும் பாத்துரு” என்றார்.

சிரிப்பதற்காக இதைச் சொல்லவில்லை. அன்றைக்குச் சிரித்தேன், உண்மைதான். ராத்திரி உலகம் முடியும் என்பதும் காலையில் தோசை சுட வேண்டும் என்பதும் ஒரே தலையில் ஒன்றையொன்று இடிக்காமல் இருக்க முடியும் என்று எனக்கு அப்போது தெரியாது.

அதே இரவில் மாமா கன்னியாகுமரியில் இருந்தார். மறுநாள் திருவள்ளுவர் சிலைத் திறப்பு. 133 அதிகாரத்துக்கு 133 அடி. கூட்டத்தில் நெருக்குப்பட்டு, செருப்பைத் தொலைத்துவிட்டு, காய்ச்சல்காரர் மாதிரி முகம் சிவந்து திரும்பி வந்தார். பெரியம்மாவுக்கு முடிய வேண்டிய அதே நாளில் அவருக்குத் தமிழனின் காலம் தொடங்கியிருந்தது. சித்தப்பா கடையில் உட்கார்ந்து, பன்னிரண்டு அடித்ததும் நான்கு டிவியையும் போட்டுக் காட்டி, “என்னடே, ஒண்ணும் நிக்கல?” என்று எல்லோரிடமும் கேட்டுக்கொண்டிருந்தார். பாட்டா எட்டு மணிக்கே கஞ்சி குடித்துவிட்டுத் தூங்கிவிட்டார். அவர் பிறந்தது கொல்லம் 1098 ஆவணி. ஆங்கிலக் கணக்கில் என்ன ஆண்டு முடிகிறது என்பது அவருக்கு அடுத்த வீட்டுச் சங்கதி.

பாட்டாவின் கணக்கைத்தான் முதலில் சொல்ல வேண்டும். நால்வரில் எனக்குப் பிடிபட ரொம்ப நாள் ஆனது அதுதான்.

கலிகாலம் என்கிற சொல்லைத் தமிழில் யாரும் சொல்லுவார்கள். பிள்ளை எதிர்த்துப் பேசினால் கலிகாலம், தக்காளி விலை ஏறினால் கலிகாலம். சாஸ்திரக் கணக்குப்படி கலி கி.மு. 3102-இல் தொடங்கியது, மொத்தம் 4,32,000 ஆண்டு. புரோகிதர் சங்கல்பத்தில் ‘கலியுகே பிரதமே பாதே’ என்கிறார். அதாவது கலியின் முதல் கால்பகுதிதான் இப்போது நடக்கிறது. ஐயாயிரத்துச் சொச்சம் போயிருக்கிறது, நாலு லட்சத்துக்கு மேல் பாக்கி. அந்தக் கலியின் அடையாளங்களாகப் புராணங்கள் தரும் பட்டியலைப் படித்தால் ஒன்று கண்ணில் படும்: வர்ண ஒழுங்கு குலையும், சூத்திரர்கள் ஆள வருவார்கள், கீழே இருக்க வேண்டியவர்கள் மேலே வருவார்கள். அதுதான் கேடு.

இதே கலியை அய்யா வைகுண்டர் எடுத்து அப்படியே கவிழ்த்து வைத்தார். அவர் 1809-இல் சாமித்தோப்பில் பிறந்தபோது, எங்கள் பாட்டாவின் முன்னோர்கள் திருவிதாங்கூரில் தலைப்பாகை கட்டக் கூடாது, குடை பிடிக்கக் கூடாது, பெண்கள் மேல்துணி போடக் கூடாது; தலைக்கு வரி வேறு. 1833 மாசியில் திருச்செந்தூர்க் கடலுக்குள் போய் மூன்றாம் நாள் வைகுண்டராக வந்தார் என்பது நம்பிக்கை. அவர் வழியில் கலி என்றால் தாழ்ந்தவன் மேலே வருவது கிடையாது. மேலே இருக்கிறவன் அமுக்குவதுதான் கலி. திருவிதாங்கூர் மன்னனுக்கே ‘கலிநீசன்’ என்று பெயர். மன்னன் அவரைச் சிறையில் போட்டான் என்பதில் ஆச்சரியப்பட ஒன்றுமில்லை.

1841-இல் அரிகோபாலன் சீடர் எழுதிய அகிலத்திரட்டு அம்மானையில் நான்கு யுகங்கள் இல்லை, எட்டு. நீடிய யுகத்தில் தொடங்கி ஏழாவதாகக் கலி, எட்டாவது தர்ம யுகம். குறோணி என்கிற அரக்கனைத் திருமால் ஆறு துண்டாக வெட்டுகிறார், ஒவ்வொரு துண்டும் ஒவ்வொரு யுகத்தில் பிறந்து வருகிறது, கலியோடு அந்தக் கணக்குத் தீர்கிறது. முக்கியமானது, இங்கே நாலு லட்சம் ஆண்டுப் பாக்கி கிடையாது. கலி முடிகிற இடத்தில் நிற்கிறது.

ஒரு நாள் பாட்டாவிடம் கேட்டேன், “சாஸ்திரத்துல இன்னும் நாலு லட்சம் வருசம் இருக்குன்னு போட்டிருக்கே?” என்று. வெற்றிலையை மடித்துக்கொண்டே சொன்னார்: “அது மாடியில இருக்கவன் போட்ட கணக்கு மக்கா. அவனுக்கு என்ன அவசரம்?”

இதற்கு மேல் ஒரு வாக்கியம் என்னால் எழுத முடியும் என்று தோன்றவில்லை. கெட்ட காலம் எத்தனை நாள் நீளும் என்று சொல்கிறவன் எந்தப் படியில் உட்கார்ந்திருக்கிறான் என்பதைப் பொறுத்துத்தான் நாளே எண்ணப்படுகிறது. பாட்டா அய்யாவழியின் வழிபாட்டு இடமான நிழல்தாங்கலில் சட்டையில்லாமல், தலைப்பாகை கட்டிக்கொண்டு நிலைக்கண்ணாடிக்கு முன்னால் நிற்பார். சிலை கிடையாது, இரண்டு விளக்கு, நடுவில் கண்ணாடி, அதில் தன் முகம். ஒரு காலத்தில் கட்டக் கூடாது என்று சொல்லப்பட்ட துணி தலையில் இருக்கும். வருங்காலம் அவருக்கு எங்கோ தொலைவில் இல்லை, அந்தக் கண்ணாடிக்குள்ளேயே இருந்தது.

மாமாவின் கதை வேறு மாதிரி. அவருக்குப் பொற்காலம் பின்னால், கடல் கொண்டதாகச் சொல்லும் குமரிக்கண்டத்தில். கன்னியாகுமரிக்குப் பள்ளிப் பிள்ளைகளைக் கூட்டிப் போகும்போதெல்லாம் தெற்கே கையை நீட்டி, ‘பஃறுளி யாற்றுடன் பன்மலை யடுக்கத்துக் குமரிக் கோடும் கொடுங்கடல் கொள்ள’ என்று சிலப்பதிகாரத்தைச் சொல்லிவிட்டு, பிள்ளைகள் கடலைப் பார்க்கிறார்களா என்று திரும்பிப் பார்ப்பார். பார்ப்பார்கள். நானும் பார்த்திருக்கிறேன். அந்தக் குரலில் சொன்னால் தண்ணீருக்கடியில் மலை தெரியத்தான் செய்யும். சிலப்பதிகாரத்துக்கு அடியார்க்கு நல்லார் எழுதிய உரை, மூழ்கிய நிலத்துக்கு எழுநூற்றுக் காவதம் என்று அளவு கொடுக்கிறது. ஏழ்தெங்க நாடு, ஏழ்மதுரை நாடு என்று ஏழேழாக நாற்பத்தொன்பது நாடு. இறையனார் களவியல் உரை மூன்று சங்கத்துக்கும் சேர்த்து 9,990 ஆண்டு தருகிறது. பத்தாயிரம் என்று உருட்டிச் சொல்லாமல் பத்தைக் குறைத்துச் சொன்ன அந்த நாணயம் எனக்கு எப்போதும் பிடிக்கும்.

இதில் ‘லெமூரியா’ வந்து ஒட்டிக்கொண்ட கதைதான் வேடிக்கை. 1864-இல் பிலிப் ஸ்கிளேட்டர் என்ற ஆங்கிலேய விலங்கியலாளருக்கு ஒரு சந்தேகம்: லெமூர் என்கிற விலங்கின் இனம் மடகாஸ்கரில் நிறைய இருக்கிறது, அதன் உறவுக்காரர்கள் இந்தியாவிலும் இருக்கிறார்கள், இடையில் கடல். அப்படியானால் ஒரு காலத்தில் தரை இருந்திருக்க வேண்டும். அந்தத் தரைக்கு லெமூரின் பெயரையே வைத்தார். ஜெர்மானியரான ஹெக்கல் மனித இனமே அங்கேதான் தோன்றியிருக்கும் என்றார். பிரம்மஞான சபையைத் தொடங்கியவர்களில் ஒருவரான பிளவாட்ஸ்கி அம்மையார் 1888-இல் அங்கே அரக்க உருவில் ஓர் ஆதி இனத்தையே குடியேற்றினார். கடைசியில் அது தமிழறிஞர்கள் கைக்கு வந்தபோது பஃறுளி ஆறு ஓடத் தொடங்கியது. ஒரு குரங்குச் சாதி விலங்கு எப்படிக் கடல் தாண்டியது என்ற கேள்விக்குச் சொன்ன பதில், நம் ஊரில் தாய்நாடு ஆனது. கண்டத்தட்டுகள் நகர்கின்றன என்று 1960-களில் உறுதியானபோது ஸ்கிளேட்டரின் கேள்விக்கு வேறு விடை கிடைத்துவிட்டது; மூழ்கிய கண்டம் தேவைப்படவில்லை. விஞ்ஞானிகள் கடையைக் கட்டிவிட்டுப் போனார்கள். நாம் இன்னும் சரக்கைப் பரப்பி வைத்திருக்கிறோம்.

இதை மாமாவிடம் வாதாடிப் பயனில்லை. மொரீஷியஸ் தீவின் அடியில் பழங்கண்டத்தின் சிதறல் இருப்பதாக 2013-இல் ஆய்வு வந்தபோது, அந்தச் செய்தியை என் கைக்குக் கொண்டுவந்து கொடுத்து, “இப்ப என்ன சொல்லுதே?” என்றார். அந்தக் கண்டம் உடைந்து ஆறு கோடி ஆண்டுக்கு மேல் ஆகிறது, அப்போது மனிதனே இல்லை என்றேன். “தேதில கொஞ்சம் முன்னப் பின்ன இருக்கும்” என்றார்.

ஆனால் இங்கே நான் மாமா பக்கமும் கொஞ்சம் பேச வேண்டும். வெள்ளைக்காரர்கள் எழுதிய இந்திய வரலாற்றில் தெற்கு என்பது கடைசியில் ஒட்டும் ஒரு வாலாக இருந்த காலத்தில், உனக்குப் பழமையே இல்லை என்று சொல்லப்பட்ட ஓர் இனம் தன் பழமையைக் கடலுக்கடியில் வைத்தது. அங்கேதான் யாராலும் தோண்டிப் பார்த்து இல்லை என்று சொல்ல முடியாது. கீழடியில் மண்ணைத் தோண்டி, கி.மு. ஆறாம் நூற்றாண்டு என்று 2019-இல் கரிமக் கணக்கு வந்தபோது மாமா கொண்டாடினார். ஆனால் குமரிக்கண்டத்தைச் சொல்லும்போது வரும் அந்தக் குரல் கீழடிக்கு வரவில்லை. கையில் கிடைத்த பானை ஓடு, கிடைக்காத கண்டத்துக்கு ஈடாகாது போலிருக்கிறது.

ஒருமுறை அவரை எழும்பூர் அருங்காட்சியகத்துக்குக் கூட்டிப் போனேன். 1863-இல் பல்லாவரத்தில் ஒரு கைக்கோடரியைக் கண்டெடுத்து, இந்தியாவின் பழங்கற்காலத்துக்கே கதவைத் திறந்த ராபர்ட் புரூஸ் ஃபூட்டின் சேகரிப்பு அங்கே இருக்கிறது. சென்னைக்கு வடமேற்கே அத்திரம்பாக்கத்தில் கிடைத்த அதே மாதிரிக் கோடரிகளுக்குப் பதினைந்து லட்சம் ஆண்டு வயது என்று 2011-இல் கணக்கிட்டிருக்கிறார்கள். நாற்பத்தொன்பது நாடும் மூன்று சங்கமும் சேர்ந்தாலும் எட்டாத பழமை. மாமா ஒரு பார்வை பார்த்துவிட்டு வெண்கலச் சிலைகள் பக்கம் போய்விட்டார். அந்தக் கல்லைச் செதுக்கியவர்கள் நம் மனித இனம்கூட இல்லை. அவர்களுக்குச் சாதி இல்லை, மதம் இல்லை, தமிழும் இல்லை. எங்கள் வீட்டில் நால்வரில் ஒருவருக்கும் அந்தத் தாத்தா வேண்டாம்.

சித்தப்பாவுக்குப் பழமையே வேண்டாம். பின்னால் இருந்ததெல்லாம் இருட்டு, வெளிச்சம் முன்னால் இருக்கிறது என்பது அவர் கட்சி. பெரியாரின் ‘இனி வரும் உலகம்’ அவர் கடை மேஜையிலேயே கிடக்கும், சால்டரிங் புகை படிந்த அட்டையோடு. 1940-களில் அந்த உரையில் பெரியார், கம்பியில்லாத் தந்தி ஆளாளுக்குச் சட்டைப்பையில் இருக்கும், உருவத்தைக் காட்டிப் பேசிக்கொள்வார்கள், ஆண் பெண் சேர்க்கை இல்லாமலே பிள்ளை பெறும் வழி வரும் என்றெல்லாம் சொல்லியிருப்பார். 1978-இல் சோதனைக்குழாய்க் குழந்தை பிறந்த செய்தி வந்தபோது சித்தப்பா கடையில் மிட்டாய் கொடுத்தாராம். முதல் செல்போனை ரிப்பேருக்கு யாரோ கொண்டுவந்தபோது அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்து, “கிழவன் சொன்னது சட்டப்பைக்கு வந்துட்டு” என்றார். நாடகம் இல்லை, கண் கலங்கியிருந்தது. பெரியம்மா வசனம் நிறைவேறியது என்று சொல்லும்போது கலங்குகிற மாதிரியே. இதைச் சொன்னால் இரண்டு பேருமே என்னை அடிக்க வருவார்கள்.

சரி. இந்த நாலு பேரும் அவரவர் கணக்கோடு நிம்மதியாகத்தான் இருந்தார்கள், 2004 டிசம்பர் 26 வரைக்கும்.

கிறிஸ்துமஸுக்கு மறுநாள், ஞாயிற்றுக்கிழமை. கடலோர ஊர்கள் எங்களுக்கு ஏழெட்டுக் கிலோமீட்டர்தான். முற்பகலில் யாரோ பைக்கில் வந்து, கடல் ஊருக்குள் வந்துவிட்டது என்றார்கள். வந்துவிட்டது என்றால் என்ன அர்த்தம் என்று யாருக்கும் புரியவில்லை. மணக்குடிப் பாலம் போய்விட்டது என்றார்கள். பாலம் எப்படிப் போகும்? சாயங்காலத்துக்குள் குளச்சலிலிருந்து எண்ணிக்கை வரத் தொடங்கியது. எங்கள் மாவட்டத்தில் மட்டும் ஏறத்தாழ 800 பேர். நாகப்பட்டினம் மாவட்டத்தில் 6,000-க்கும் மேல்.

ராத்திரி கரண்ட் இல்லாத எங்கள் வீட்டுத் திண்ணையில் நாலு பேரும் இருந்தார்கள். இப்போது எண்ணிப் பார்த்தால் அங்கே ஒரே சாவுக்கு நான்கு விளக்கம் இருந்தது. பெரியம்மா மெழுகுவர்த்தி வெளிச்சத்தில் லூக்கா 21-ஐ வாசித்தார்: ‘சமுத்திரமும் அலைகளும் முழக்கமாயிருக்கும்.’ பாட்டா, கலி முற்றிவிட்டது என்றார். மாமா மெதுவாக, “இதத்தான் கடல்கோள்னு எழுதி வச்சான்” என்றார். சித்தப்பா கார் பேட்டரியில் ரேடியோவைப் போட்டுச் செய்தி கேட்டுக்கொண்டிருந்தார். சுமத்ராவுக்கு அருகே நிலநடுக்கம், நம் நேரப்படி காலை 6.29. அவர் விரல்விட்டு எண்ணினார். அப்புறம் ரேடியோவை அணைத்துவிட்டு, “மூணு மணி நேரத்துக்கு மேல இருந்துருக்கு மக்கா” என்றார்.

அவ்வளவுதான் சொன்னார். ஆனால் அவர் கட்சி விழுந்த இடம் அதுதான். கம்பியில்லாத் தந்தி எல்லார் சட்டைப்பையிலும் வந்தாயிற்று. பசிபிக் கடலுக்கு 1949-லிருந்தே எச்சரிக்கை மையம் இருக்கிறது. பூமி அதிர்ந்தது உலகத்து ஆய்வகங்களுக்கெல்லாம் நிமிஷத்தில் தெரியும். அலை விமானம் மாதிரி வேகத்தில் வந்தாலும் நம் கரைக்கு மணிக்கணக்கு ஆகும். அந்த நேரம் முழுக்க ஒரு போன்கூட மணக்குடிக்கு வரவில்லை. இந்தியாவுக்கென்று எச்சரிக்கை மையம் ஹைதராபாத்தில் 2007 அக்டோபரில்தான் வந்தது. சித்தப்பா அதற்கப்புறமும் பெரியார் படத்துக்குத் தூசி தட்டினார். ஆனால் செல்போனைப் பார்த்துக் கண் கலங்கியதை நான் மறுபடி காணவில்லை.

பெரியம்மாவுக்கு நேர்ந்தது இரண்டு நாள் கழித்து. பழைய சேலைகளையும் ஒரு சாக்கு அரிசியையும் எடுத்துக்கொண்டு முகாமுக்குப் போனார். நான் சாக்கைத் தூக்கிப் போனேன். ஒரு பள்ளிக்கூட வராந்தாவில் உட்கார்ந்திருந்த பெண்ணிடம் சேலையைக் கொடுத்துவிட்டு, பழக்கத்தில், கர்த்தருடைய நாள் சமீபமாயிருக்கிறது என்று ஆரம்பித்தார். அந்தப் பெண்ணுக்கு என் வயதுதான் இருக்கும். இரண்டு பிள்ளைகள் போய்விட்டார்கள் என்று பக்கத்தில் இருந்தவர்கள் முன்பே சொல்லியிருந்தார்கள். அவள் பெரியம்மாவை நிமிர்ந்து பார்த்து, கோபமே இல்லாமல், “எனக்கு அது வந்துட்டு அக்கா” என்றாள். பெரியம்மா அந்த வராந்தாவிலேயே அவள் பக்கத்தில் உட்கார்ந்துவிட்டார். சாயங்காலம் வரை ஒரு வசனமும் சொல்லவில்லை. சபைக்கு இன்றும் போகிறார், வருகையை இன்றும் எதிர்பார்க்கிறார். ஆனால் சுனாமியை அடையாளக் கணக்கில் சேர்த்து அவர் பேசி அதன்பின் நான் கேட்டதில்லை.

பாட்டாவைப் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை. மறுநாள் காலையிலேயே நிழல்தாங்கலில் அடுப்பு மூட்டச் சொன்னார். ‘தாழக் கிடப்பாரைத் தற்காப்பதே தர்மம்’ என்று அகிலத்தில் இருக்கிறது, யுகக் கணக்கெல்லாம் அப்புறம் என்பது போல நாலு நாள் சோறு போனது. கடலோரத்தில் பெரும்பாலும் கத்தோலிக்கர்கள். யாரும் யார் சோறு என்று கேட்கவில்லை.

மாமாவுக்குத்தான் சிக்கல். மாமல்லபுரத்தில் கடல் உள்வாங்கியபோது தண்ணீருக்கடியில் வரிசையாகக் கற்கள் தெரிந்ததாகப் பார்த்தவர்கள் சொன்ன செய்தி பேப்பரில் வந்தது. மாமா அதைக் கத்தரித்து எடுத்துக்கொண்டு எங்கள் வீட்டுக்கு ஓடி வந்தார். முகத்தில் அந்தப் பழைய சிவப்பு. “பாத்தியா, கடல் தானா திறந்து காட்டிருக்கு” என்றார். சொல்லி முடித்ததும் நாங்கள் யாரும் பேசாமல் இருந்ததைக் கவனித்தார். கத்தரித்த துண்டை நாலாக மடித்துச் சட்டைப்பையில் வைத்தார். அவர் கை நடுங்கியது. ஏழெட்டுக் கிலோமீட்டரில் குழி வெட்டிக் கொண்டிருக்கும்போது தான் சந்தோஷப்பட்டுவிட்டோம் என்று அந்த மனிதருக்கு உறைத்துவிட்டது.

பல ஆண்டு கழித்து சிமெலு தீவைப் பற்றிப் படித்தேன். சுமத்ராவின் மேற்கே, நிலநடுக்கம் தொடங்கிய இடத்துக்கு மிக அருகில் இருக்கும் தீவு. பத்து நிமிஷத்துக்குள் அலை வந்துவிட்டது. 78,000 பேர் அளவில் வாழ்ந்த அந்தத் தீவில் அலையில் இறந்தவர்கள் ஏழு பேர். காரணம் ஒரு சொல்: ஸ்மோங். 1907-இல் அங்கே ஒரு பேரலை வந்து ஏராளமானோர் செத்துப்போனார்கள். பிழைத்தவர்கள் பேரப்பிள்ளைகளுக்குக் கதையாகவும் தாலாட்டாகவும் சொல்லிக்கொண்டே வந்தார்கள்: பூமி பலமாக ஆடினால், கடல் உள்வாங்கினால், நிற்காதே, மலைக்கு ஓடு. 2004-இல் யாரோ ‘ஸ்மோங்’ என்று கத்தினார்கள். ஊரே ஓடியது.

இதைப் படித்த அன்று எனக்குத் தூக்கம் வரவில்லை. நம்மிடம் என்ன இல்லை? சிலப்பதிகாரத்தில் இருக்கிறது, கலித்தொகையில் இருக்கிறது, உரைகளில் அளவோடும் கணக்கோடும் இருக்கிறது. ‘கடல்கோள்’ என்று ஒரு சொல்லே இருக்கிறது. இருந்தும் அன்றைக்குக் கடல் உள்வாங்கியபோது நம் கரையில் பல இடங்களில் ஜனங்கள் அதை வேடிக்கை பார்க்க இறங்கிப் போனார்கள். துடிக்கிற மீனைப் பொறுக்கினார்கள். மறுநாள் பத்திரிகைகளுக்கு அதற்கு வைக்கத் தமிழ்ப் பெயர் கைவசம் இல்லை. ஜப்பானிய மொழியில் துறைமுக அலை என்று பொருள்படும் சுனாமியைத்தான் போட்டார்கள். நாம் கடல்கோளைப் பட்டயம் மாதிரி சட்டம் போட்டு மாட்டி வைத்திருந்தோம்: எவ்வளவு இழந்தோம் தெரியுமா, எவ்வளவு பெரியவர்களாக இருந்தோம் தெரியுமா. ஓடு என்று அதில் யாரும் எழுதி வைக்கவில்லை.

இதில் ஒரு நியாயமும் பார்க்க வேண்டும். சிமெலுக்காரர்களுக்குக் காலுக்கடியில் பூமி ஆடியது, நமக்கு ஆடவில்லை. அவர்களுடையது மூன்று தலைமுறை நினைவு, நம்முடையது இலக்கியம். இரண்டையும் ஒரே தராசில் வைக்கலாமா என்று மாமாவே கேட்டார். கேட்கத்தான் வேண்டும். ஆனால் அவர் அதைக் கேட்டபோது பழைய வேகம் இல்லை.

கடைசிப் பனியுகத்தின் உச்சத்தில், இருபதாயிரம் ஆண்டுக்கு முன், கடல் மட்டம் இன்றைக்கு இருப்பதைவிட 120 மீட்டர் அளவுக்குக் கீழே இருந்தது. மன்னார் வளைகுடாப் பக்கமெல்லாம் நிறைய தரை வெளியே கிடந்தது. இலங்கைக்கு நடந்தே போகலாம். பனி உருக உருகக் கடல் அதை எடுத்துக்கொண்டது. கண்டம் இல்லை, நாற்பத்தொன்பது நாடு இல்லை, ஆனால் தரையைக் கடல் கொண்டது நடந்ததுதான். இப்போது மறுபடி நடக்கிறது. நாம் விடும் புகையைப் பொறுத்து, 2100-க்குள் முக்கால் முழத்திலிருந்து இரண்டு முழம் வரை கடல் ஏறலாம் என்பது உலக நாடுகளின் காலநிலை அறிக்கையின் கணக்கு. எங்கள் கடலோரத்தில் இதைக் காலநிலை மாற்றம் என்று யாரும் சொல்வதில்லை. கடலரிப்பு என்பார்கள், அலையைத் தடுக்கக் கடலுக்குள் கல் போட்டுக் கட்டும் தூண்டில் வளைவு கேட்டு ரோட்டை மறிப்பார்கள். போன ஆண்டு இருந்த தென்னை இந்த ஆண்டு இருக்காது. இந்தக் கடல்கோளுக்கு எங்கள் வீட்டு நால்வர் கணக்கிலும் இடம் இல்லாமல் போனதுதான் விசித்திரம். யுக முடிவாகச் சொல்ல ரொம்ப மெதுவாக வருகிறது. பெருமையாகச் சொல்ல, இன்னும் இழந்து முடியவில்லை.

பாட்டா 2009-இல் போய்ச் சேர்ந்தார். சித்தப்பா கடையை மூடிவிட்டார். மாமா ஓய்வு பெற்று, சாயங்காலமானால் என் மகளைக் கூட்டிக்கொண்டு சொத்தவிளைக் கடற்கரைக்குப் போவார். போன மே மாதம் நானும் கூடப் போயிருந்தேன். வழக்கம்போல் தெற்கே கையை நீட்டினார். பஃறுளி யாற்றுடன் என்று தொடங்கினார். குரல் கொஞ்சம் தளர்ந்திருந்தது. கொடுங்கடல் கொள்ள என்று முடித்துவிட்டு, நான் முன்பு கேட்டிராத ஒன்றைச் சேர்த்தார்.

“கடல் திடீர்னு உள்ள போச்சுன்னா என்ன செய்யணும்? வேடிக்க பாக்கக் கூடாது. மீன் பொறுக்கக் கூடாது. திரும்பிப் பாக்காம மேட்டுக்கு ஓடிரணும். என்ன?”

மகள் சுற்றிப் பார்த்தாள். சமதளமான மணல், தென்னந்தோப்பு, தார் ரோடு, பஜ்ஜிக் கடை, வரிசையாகப் பைக்குகள்.

“எந்த மேடு தாத்தா?”

மாமாவும் திரும்பிப் பார்த்தார். கொஞ்ச நேரம் பதில் இல்லை. அவள் அதற்குள் தோப்புக்குப் பின்னால் நின்ற தண்ணீர்த் தொட்டியைக் கண்டுபிடித்திருந்தாள்.

“அதுக்கு ஏணி இருக்கான்னு போய்ப் பாத்துட்டு வருவமா?”

அவர் வேட்டியை மடித்துக் கட்டினார். இரண்டு பேரும் தொட்டியைப் பார்த்து நடந்தார்கள்.